84 டாலருக்கு ஒரு துணிப்பை: ஹோல்ஸ்டர் (துப்பாக்கி உறை) வாங்கப் போகிறவர்கள் படித்துவிட்டுப் போங்கள்

நேற்று இரவு வந்த கடைசி பதில்: "உங்கள் ஆர்டர் முடிந்துவிட்டது. இனிப் பேச எதுவும் இல்லை." அதற்குப் பிறகு நான் அனுப்பிய எதுவும் போய்ச் சேரவில்லை. ஹோல்ஸ்டர் விற்ற ஆள் என்னை பிளாக் செய்துவிட்டார். 84 டாலர் போச்சு. அதில் குடும்பம் ஒன்றும் முழுகிவிடாது, ஆனால் வயிறு எரிகிறது. தூக்கம் வராமல்தான் இதை எழுதுகிறேன்.

நாங்கள் இருப்பது டெக்சாஸில். சின்னக் கடை ஒன்று நடத்துகிறோம். வெள்ளிக்கிழமை இரவு கல்லாப் பணத்தை வங்கியின் இரவுப் பெட்டியில் போட்டுவிட்டு வருவது என் வேலை. துப்பாக்கி அந்த ஒரு நாளுக்கு மட்டும்தான், மற்ற நாளெல்லாம் பெட்டகத்தில் தூங்கும். 2021 செப்டம்பர் 1 முதல், 21 வயதான, சட்டத் தடை எதுவும் இல்லாதவர்கள் இங்கே லைசென்ஸ் இல்லாமலே கைத்துப்பாக்கியோடு வெளியே போகலாம். இருந்தாலும் நான் வகுப்பில் உட்கார்ந்து, சுட்டுக் காட்டி, லைசென்ஸ் வாங்கியவள். (எச்1பி மாதிரி விசாவில் இருக்கும் தம்பி தங்கைகளே, இது உங்களுக்கு இல்லை. மாநிலச் சட்டம் எப்படி இருந்தாலும், மத்தியச் சட்டம் உங்களைத் தடுக்கிறது. விதிவிலக்கு மிகக் குறைவு. வக்கீலைக் கேட்காமல் தொடவே தொடாதீர்கள்.)

முதலில் கைப்பையில் வைத்துக்கொண்டு போனேன். ஒரு நாள் சின்னவன் சாக்லேட் இருக்கிறதா என்று பையைத் திறக்கப் போனான். அன்றோடு அந்த வழக்கம் முடிந்தது. உடம்போடுதான் இருக்க வேண்டும் என்று அன்றைக்கே முடிவு செய்துவிட்டேன். ஜீன்ஸ், நல்ல பெல்ட், மேலே ஒரு தொளதொள குர்த்தி. மறைப்பதற்குக் குர்த்தியைப் போல வசதியான உடை கிடையாது, இந்த ஊர்ப் பெண்களுக்கு அது தெரியவில்லை. ஹோல்ஸ்டர் எளிமையாக இருக்க வேண்டும், காரில் உட்கார்ந்தால் இடுப்பில் குத்தக் கூடாது, விலையும் கையைக் கடிக்கக் கூடாது. வாரத்தில் ஒரு மணி நேரத்துக்காக 150 டாலர் தோல் உறை எதற்கு?

இதில் சிக்கல், நான் இடது கைக்காரி. என்னுடைய துப்பாக்கி சிக் சாவர் பி365 என்ற மாடல். வலது கைக்கு என்றால் அதற்கு எங்கே பார்த்தாலும் ஹோல்ஸ்டர் தொங்கும். இடது கைக்கு என்று கேட்டால், கடைக்காரர் கம்பியில் தொங்குவதையெல்லாம் ஒருமுறை புரட்டிப் பார்த்துவிட்டு உதட்டைப் பிதுக்குவார். இரண்டு கடையில் பிதுக்கியாகிவிட்டது. அப்படி அலைந்துகொண்டிருந்தபோதுதான் இணையத்தில் இந்த ஆள் கண்ணில் பட்டார். வீட்டுக் கொட்டகையிலேயே கைடெக்ஸ் என்ற விறைப்பான பிளாஸ்டிக் தகட்டைச் சூடாக்கி, அந்தந்த மாடலின் அச்சில் அழுத்தி எடுக்கிறாராம். படங்கள் பளிச்சென்று இருந்தன. விலை 64 டாலர்.

நான் ஒன்றும் கண்ணை மூடிக்கொண்டு வாங்கவில்லை. பத்துக் கேள்வி கேட்டேன். அவரும் பதிலுக்குச் சரியான கேள்விகளாகவே கேட்டார். பெல்ட் எத்தனை அங்குலம்? ஒன்றரை. துப்பாக்கியில் விளக்கு பொருத்தியிருக்கிறீர்களா? இல்லை. முன்பக்கம் வைப்பீர்களா, இடுப்பின் பக்கவாட்டிலா? இதையெல்லாம் கேட்கிறவருக்குத் தொழில் தெரியும் என்றுதானே நினைப்போம்? அப்புறம் 15 டாலருக்கு 'கிளா' என்ற ஒரு சின்னத் துண்டைச் சேர்த்துக்கொள்ளச் சொன்னார். அது பெல்ட்டின் உள்பக்கத்தில் முட்டி, துப்பாக்கியின் பிடியை உடம்பு பக்கமாகத் திருப்பிவிடும். சட்டைக்கு மேல் துருத்திக்கொண்டு தெரிவது பெரும்பாலும் பிடிதான், குழாய் இல்லை. அவர் சொன்னது உண்மைதான். அதுதான் எரிச்சலே, பொய்க்கு நடுவே உண்மையையும் கலந்து சொன்னார்.

நான் விழுந்த இடம் இது. "இடது கை என்கிறீர்களே, நானும் இடது கைதான். நமக்கு யாரும் ஒழுங்காகச் செய்து தருவதில்லை என்றுதான் இந்தத் தொழிலையே ஆரம்பித்தேன்" என்று எழுதினார். 'நமக்கு' என்ற அர்த்தத்தில் அவர் போட்ட அந்த ஒரு வார்த்தையில் கவிழ்ந்தேன். கத்தரிக்கோலில் ஆரம்பித்து எல்லாவற்றிலும் மல்லுக்கட்டியே வளர்ந்தவள் நான். நம்ம ஆள் ஒருவர் கிடைத்துவிட்டார் என்று பூரித்துப் போனேன். தபால் செலவு 10. "பணம் அனுப்பும் செயலியில் நண்பருக்கு அனுப்புவதுபோல் அனுப்பினால் கமிஷன் மிச்சம், 5 டாலர் குறைத்துக்கொள்கிறேன்" என்றார். ஆக மொத்தம் 84. அனுப்பினேன். கிரெடிட் கார்டு பக்கத்திலேயே இருந்தது. அந்த 5 டாலருக்கு ஆசைப்பட்டேன்.

பதினைந்து நாளில் வரும் என்றார். முப்பதாம் நாள் கேட்டதற்கு, "கைவேலை, நேரம் எடுக்கும்" என்றார். நாற்பதாம் நாள், "தபாலில் போட்டாயிற்று". பொட்டலம் எங்கே இருக்கிறது என்று பார்க்கும் தபால் எண்ணைக் கேட்டேன், பதில் இல்லை. நாற்பத்தேழாம் நாள் ஒரு பொட்டலம் வந்தது. கையில் எடுத்தபோதே சந்தேகம், பஞ்சுபோல் இருந்தது. பிரித்தால் கறுப்பு நைலான் துணி, உள்ளே மெல்லிய ஃபோம், மேலே ஒரு பட்டன் பட்டை. எல்லாத் துப்பாக்கிக்கும் பொருந்தும் என்று சந்தையில் சில டாலருக்குக் கிடைக்குமே, அந்த ரகம். கைடெக்ஸும் இல்லை, கிளாவும் இல்லை. கிளிப் வேறு வலது கைக்கு.

சரி, பார்ப்போம் என்று துப்பாக்கியிலிருந்து குண்டுகள் அடுக்கும் மேகசினை எடுத்து, மேல்பகுதியான ஸ்லைடை இழுத்து, குண்டு நிற்கும் அறை காலி என்பதை இரண்டு முறை பார்த்துவிட்டு உள்ளே வைத்தேன். வெளியிலிருந்து துணியின்மேல் கட்டைவிரலை அழுத்தினேன். ட்ரிகர் விரலில் தட்டுப்படுகிறது. இன்னும் கொஞ்சம் அழுத்தியதும் 'டிக்' என்றது. என்னுடைய பி365 தனியாக சேஃப்டி பட்டன் இல்லாத வகை. குண்டு இருந்திருந்தால்? கை நடுங்கி அப்படியே கட்டிலில் வைத்துவிட்டேன். எடுத்துவிட்டுத் திரும்ப வைக்கப் போனால் அதன் வாய் மடிந்து மூடிக்கொள்கிறது, அதைத் திறக்க இன்னொரு கையின் விரலைக் குழாய்க்கு முன்னால் கொண்டுபோக வேண்டும். அந்தப் பட்டன் பட்டை தொங்கிக்கொண்டு ட்ரிகர் வளையத்துக்குள் நுழையப் பார்க்கிறது. பெல்ட்டில் மாட்டி உருவினேன், துப்பாக்கியோடு உறையும் சேர்ந்து கையோடு வந்துவிட்டது. என் வீட்டுக்காரர் வாசற்படியில் நின்று பார்த்துக்கொண்டிருந்தார். "ஏம்மா, இதில் டிவி ரிமோட் வைக்கலாம்" என்றார். நான் முறைத்த முறைப்பில் உள்ளே போய்விட்டார்.

பிறகு நடந்த கூத்தைக் கேளுங்கள். முதல் பதில்: "கைடெக்ஸ் தட்டுப்பாடு, அதனால் அதைவிட மேலான பொருளில் அனுப்பியிருக்கிறேன்." கிளிப் வலது கைக்கு இருக்கிறதே என்றால், "கழற்றி மாற்றிக்கொள்ளலாம், அதுதான் இதன் சிறப்பு." ட்ரிகர் அழுந்துகிறது, ஆபத்து என்று படம் பிடித்து அனுப்பினேன். "இரண்டு வாரம் போட்டால் பழகிவிடும்." எது பழகும், என் தொடையா? திருப்பி எடுத்துக்கொண்டு 84 டாலரைக் கொடுங்கள் என்றேன். "உங்களுக்கென்று தனியாகச் செய்த பொருள், திரும்ப வாங்க மாட்டோம்." எல்லாருக்கும் பொருந்தும் துணிப்பை எப்போது எனக்கென்று தனியாகச் செய்த பொருளானது என்று கேட்டேன். அதற்கு வந்ததுதான் நேற்றைய பதில்.

வங்கிக்கும் செயலிக்கும் ஃபோன் செய்தேன். இரண்டு இடத்திலும் ஒரே பாட்டு: நீங்களே விரும்பி ஒரு நண்பருக்கு அனுப்பிய பணம், பொருள் வாங்கியதாகக் கணக்கிலேயே இல்லை. கிரெடிட் கார்டாக இருந்திருந்தால், சொன்னபடி பொருள் வரவில்லை என்று, பில் அனுப்பிய 60 நாளுக்குள் எழுத்தில் கொடுத்துச் சண்டை போடலாம், சட்டமே இருக்கிறது. சொன்ன தேதிக்குள் அனுப்ப முடியாவிட்டால் ஆர்டரை ரத்து செய்யும் உரிமையை விற்பவர் கொடுத்தாக வேண்டும், ரத்து செய்தால் பணத்தைத் திருப்பித் தர வேண்டும். மத்திய வர்த்தக ஆணையத்தின் விதி அது. பதினாறாம் நாளே இதெல்லாம் எனக்குத் தெரிந்திருக்க வேண்டும். இப்போது ஆணையத்திலும் மாநில அட்டர்னி ஜெனரல் அலுவலகத்திலும் புகார் பதிந்திருக்கிறேன். 84 டாலர் திரும்பி வரும் என்று நினைக்கவில்லை.

எப்படித் தேர்ந்தெடுப்பது என்று விரிவாக எழுதலாம் என்றுதான் ஆரம்பித்தேன், மணி இரண்டாகிவிட்டது. அவசரமாகச் சில. ட்ரிகர் வளையத்தை முழுக்க மூடும் விறைப்பான உறையாக, உங்கள் மாடலுக்கென்றே வார்த்ததாக இருக்கட்டும். இயந்திரத்தில் வார்த்த பிளாஸ்டிக் உறைகள் விலை குறைவு, எப்போதாவது போடுகிறவர்களுக்கு அதுவே போதும். துப்பாக்கியைக் காலி செய்துவிட்டு, உறையில் வைத்து, கட்டிலுக்கு மேலே தலைகீழாக ஆட்டிப் பாருங்கள், விழக் கூடாது. துப்பாக்கியை எடுத்த பிறகும் உறையின் வாய் திறந்தே இருக்க வேண்டும். கிளிப் பெல்ட்டின் கீழ் விளிம்பைக் கவ்வ வேண்டும். 'எல்லாவற்றுக்கும் பொருந்தும்' என்று எழுதியிருந்தால் அப்படியே வைத்துவிடுங்கள். பாக்கெட்டில் போடும் உறை என்றால் அந்தப் பாக்கெட்டில் சாவி, சில்லறை எதுவும் கூடாது. நண்பர் கணக்குக்கு அனுப்பச் சொன்னால் ஓடிவிடுங்கள், எந்தக் கைக்காரராக இருந்தாலும் சரி.

இந்த வெள்ளிக்கிழமை வங்கிக்கு வீட்டுக்காரரும் கூட வருகிறார். துப்பாக்கி பெட்டகத்திலேயே இருக்கும்.