சாவகாசமான ராப்புக்கு எஸ்பி-404 எம்கே2: கோலாலம்பூரில் ஒரு முழு ஆல்பம் செய்த அனுபவம்

ரோலண்ட் 2021இல் கொண்டுவந்த எஸ்பி-404 எம்கே2 சாம்ப்ளருக்கு (ஒலித் துண்டுகளைப் பதிந்து, பேட் தட்டி வாசிக்கும் கருவி), பெட்டியைப் பிரித்த வாரத்திலேயே எழுதிய விமர்சனங்கள் ஏராளம். அவற்றில் பெரும்பாலானவை எஃபெக்டுகளைத்தான் புகழும். ஒரு தமிழ் ராப் ஆல்பத்தை, அதுவும் அவசரமே இல்லாமல் ஓடும் ஆல்பத்தை, முதல் கிக் டிரம் அடியிலிருந்து, இறுதிச் சத்த மட்டத்தைச் சரிசெய்யும் மாஸ்டரிங் வரை இந்தப் பெட்டியை நடுவில் வைத்துச் செய்தால் எது கைகொடுக்கிறது, எது காலை வாருகிறது என்பதற்கு நீண்ட காலப் புழக்கம் வேண்டும். அந்தப் புழக்கத்தில் தெளிவானது ஒன்று: நிதானம், பழைய இசைத்தட்டின் ஒலியைப் போலியாக்கும் வினைல் சிம் பட்டனில் வருவதில்லை. அடி எங்கே விழுகிறது, எங்கே விழாமல் விடப்படுகிறது என்பதில் வருகிறது. இதைப் பிடித்துக்கொண்டவருக்கு இந்தப் பெட்டி அருமையான துணை.

அடியிலிருந்து தொடங்குவோம். இந்த வகைப் பாட்டுக்கு 78 முதல் 92 பிபிஎம் (நிமிடத்துக்கு இத்தனை பீட்) வரை தாராளமான இடம். 84 என்று வைத்துக்கொண்டால் ஒரு பீட் 714 மில்லிசெகண்ட். பதினாறில் ஒரு பங்கு அடி கிட்டத்தட்ட 179 மில்லிசெகண்ட். கருவி வடிவமைப்பாளர் ரோஜர் லின் எம்பிசி சாம்ப்ளர்களில் புகழ்பெறச் செய்த ஸ்விங் கணக்கில், அதாவது ஒன்றுவிட்டு ஒரு அடியைத் தாமதிக்கும் கணக்கில், 50 சதவீதம் என்றால் நேர் நடை, 66 என்றால் மும்மை நடை. நமக்கு வேண்டியது இடையில் இருக்கிறது. 54 வைத்தால் இரண்டாவது ஹை-ஹேட் (சிம்பல்) அடி 14 மில்லிசெகண்ட் தாமதிக்கும். 58 வைத்தால் 29. 62 வைத்தால் 43. எந்தக் கருவியின் திரையில் எந்த எண் தெரிந்தாலும் அதை இப்படி மில்லிசெகண்டாக மாற்றிப் பார்த்தால் காது சீக்கிரம் பழகிவிடும். 54க்கும் 58க்கும் நடுவில்தான் தலை தானாக ஆடும் இடம். 62க்கு மேலே போனால் நடை நொண்டத் தொடங்கும், தமிழ் வரி அதன்மேல் உட்காராது.

கிக், பாஸ், ஸ்நேர், குரல் நான்கையும் பின்னுக்குத் தள்ளிவிட்டு, ‘ஏன் இன்னும் சோம்பலான உணர்வு வரவில்லை’ என்று கேட்பவர்கள் நிறைய. எல்லாமே பின்தங்கினால் எதுவும் பின்தங்கியதாகக் காதுக்குத் தெரியாது. ஒன்று அசையாமல் நிற்க வேண்டும். கிக்கைக் கிரிட்டில், அதாவது சரியான தாளக் கட்டத்தில், நிறுத்துங்கள். ஸ்நேரை 10 முதல் 15 மில்லிசெகண்ட் தள்ளுங்கள். குரல் அதற்கும் சற்றுப் பின்னால் வரட்டும். அடியைக் கட்டத்துக்கு இழுக்கும் குவான்டைஸ் இல்லாமல் கையால் அடிப்பவர்கள் பேட்டர்னை நான்கு அல்லது எட்டு பாருக்கு (ஒரு பார் நான்கு பீட்) பதிவு செய்வது நல்லது. இரண்டே பாரில் ஒரு பிசகு இருந்தால், அது மூன்று நிமிடப் பாட்டில் முப்பது தடவைக்கு மேல் அதே இடத்தில் வந்து குத்தும். எட்டு பாரில் அதே பிசகு கைவண்ணமாகக் கேட்கும்.

இனி வினைல் சிம். 303, 404 என்று இரண்டு ரகம், கூடவே கேசட் சிம். மூன்றும் நன்றாகவே இருக்கின்றன, அதுதான் ஆபத்து. முழுப் பாட்டின் மேலும் போட்டால் அவற்றில் உள்ள கம்ப்ரஷன் (சத்த ஏற்ற இறக்கத்தை நசுக்குவது) ஸ்நேரின் முனையை மழுக்கிவிடும். சுருதி அலையும் தன்மை பாஸையும் சேர்த்து ஆட்டும். பாடகர் சுருதி தவறிப் பாடுவது போலத் தோன்றும், தவறு அவருடையது அல்ல. மெட்டுக்கான சாம்பிளை மட்டும் பஸ் 1 என்ற எஃபெக்ட் தடத்துக்கு அனுப்பி அங்கே எஃபெக்டைப் போடுங்கள். டிரம்மும் பாஸும் எஃபெக்ட் இல்லாமல் நேராகப் போகட்டும். கரகரப்பு இரைச்சலைப் பற்றியும் ஒரு கணக்கு உண்டு: ஒரே அளவு இரைச்சல் உள்ள இரண்டு ரீசாம்பிள்கள் (எஃபெக்டோடு மறுபடி பதிந்த ஒலிகள்) சேர்ந்தால் 3 டெசிபல் கூடும், நான்கு சேர்ந்தால் 6. ஒவ்வொரு அடுக்கிலும் கரகரப்பைச் சேர்த்துக்கொண்டே போனவர்களின் பாட்டு கடைசியில் அடைமழை போலக் கேட்பதற்குக் காரணம் இதுதான். இரைச்சல் வேண்டுமென்றால் ஒரு பேடில், ஒரே ஒரு தடவை.

ரீசாம்பிள் செய்வது இந்தப் பெட்டியின் உயிர். எஃபெக்டோடு பதிந்துவிட்டால் திரும்ப எடுக்க முடியாது. அந்தக் கட்டாயம்தான் முடிவெடுக்க வைக்கிறது. ஆனாலும் எஃபெக்ட் இல்லாத மூலத்தை ஒரு வங்கியில் பத்திரப்படுத்தாமல் வேலையைத் தொடங்கக் கூடாது. ஒரு புராஜெக்டில் பத்து வங்கிகள், வங்கிக்குப் பதினாறு பேட், ஆக 160. ஏ வங்கியில் மூலம், பி வங்கியில் வெட்டிய துண்டுகள், சி வங்கியில் டிரம் என்று ஆல்பம் முழுக்க ஒரே ஒழுங்கைப் பின்பற்றினால் பத்தாவது பாட்டில் தலை சுற்றாது. பதிவு மட்டம் மைனஸ் 6 டெசிபலைத் தாண்ட வேண்டாம். பெட்டி பதிவது 16 பிட், 48 கிலோஹெர்ட்ஸ். இந்த வகை இசைக்கு 16 பிட் தாராளம். உச்சத்தில் வெடித்த அடியைத்தான் காப்பாற்ற முடியாது.

எதைச் சாம்பிள் எடுப்பது என்பதில் நம்மூருக்கென்று ஒரு சொத்து இருக்கிறது: உறுமி என்ற இருமுகத் தோல் மேளம். தைப்பூசத்தில் பத்துமலைக்கு வரும் உறுமி மேளக் குழுக்களின் ஒலி நம் எல்லார் காதிலும் ஊறியது. வளைந்த குச்சியால் தோலைத் தேய்க்கும்போது வரும் அந்த முனகல், மெதுவாக ஓடவிட்டால் சறுக்கிப் போகும் பாஸாக மாறும். 120 பிபிஎம்மில் அடித்ததை 84க்கு வினைல் முறையில் (வேகத்தோடு சுருதியும் சேர்ந்து குறையும்படி) இறக்கினால் சுருதி ஆறு அரைச்சுரம் சொச்சம் கீழே போகும். அதற்கு மேல் இறக்கினால் தேய்ப்பு ஒலி சேறாகிவிடும். வாசிப்பவரைக் கூப்பிட்டு, தேய்க்கும் பக்கத்துக்கு ஒரு மைக், அடிக்கும் பக்கத்துக்கு ஒரு மைக் வைத்து, தனித்தனியாக நான்கு பார் எடுத்தாலே ஒரு ஆல்பத்துக்கு வேண்டிய சரக்கு கிடைக்கும். அவருக்குச் சேர வேண்டியதை எழுத்தில் பேசி முடியுங்கள்.

பழைய சினிமாப் பாட்டு எடுப்பவர்கள் சட்டத்தைப் பாதி மட்டும் தெரிந்து வைத்திருக்கிறார்கள். மலேசியாவின் 1987ஆம் ஆண்டுப் பதிப்புரிமைச் சட்டத்தில் ஒலிப்பதிவுக்கு 50 ஆண்டுப் பாதுகாப்பு. இந்தியாவில் அது 60. 1972இல் வந்த இசைத்தட்டின் ஒலிப்பதிவு உரிமை இங்கே 2022 முடிவோடு காலாவதி ஆனாலும், இந்தியாவில் 2032 வரை உயிரோடு இருக்கும். ஸ்ட்ரீமிங் எல்லை பார்க்காது. அதோடு மெட்டும் வரிகளும் தனி உரிமை. அவை படைத்தவரின் ஆயுளுக்குப் பிறகும் இங்கே 50, அங்கே 60 ஆண்டுகள் நீடிக்கும். ஆக, இரண்டு அனுமதி வேண்டும். கிடைக்காதென்றால் அதே ராகச் சாயலில் நாமே வாசித்து, அதையே வெட்டித் தைப்பதுதான் வழி. நேர்மையாகச் சொன்னால் ஆல்பத்துக்கும் அதுதான் நல்லது.

கோலாலம்பூர் அறை தனிப் பிரச்சினை. கிள்ளான் பள்ளத்தாக்கில் மாலை இடி மின்னல் சாதாரணம். வானம் கறுத்ததும் பிளக்கைப் பிடுங்கிவிட்டு பெட்டியை ஆறு டபுள்-ஏ பேட்டரியில் ஓட்டலாம். ரீசார்ஜ் செய்யும் நிக்கல் ரகம் இதற்குத் தோது. ஆனால் சார்ஜரில் இருக்கும் லேப்டாப்போடு யூஎஸ்பி கேபிள் இணைந்திருந்தால் பிளக்கைப் பிடுங்கியதில் பயனில்லை, அதையும் கழற்றுங்கள். லேப்டாப்பிலிருந்தே மின்சாரம் எடுக்கும்போது மெல்லிய கீச்சொலி சேர்ந்தால், தனி அடாப்டருக்கோ பேட்டரிக்கோ மாற்றிப் பாருங்கள், பெரும்பாலும் போய்விடும். அவுட்புட் கேபிள்கள் பேலன்ஸ் இல்லாதவை என்பதால் மூன்று மீட்டருக்குள் வைத்துக்கொள்வது நல்லது. நம் மின்சாரத்தின் இரைச்சல் 50 ஹெர்ட்ஸில் வரும். ஜி சுரத்தின் கீழ் பாஸ் 49 ஹெர்ட்ஸ். ஜியில் போட்ட பாட்டில் பாஸ் நொடிக்கு ஒரு தடவை வீங்கி வற்றினால் குறை வாசிப்பில் இல்லை, எர்த் இணைப்பில் தேடுங்கள்.

குரலுக்கு, சாதாரண அறையில் டைனமிக் மைக்கே மேல். கண்டென்சர் மைக் மூன்றாவது வீட்டு டிவியையும் பிடிக்கும். நம்மூர் ஈரப்பதத்தில் கேப்சூல் நனைந்தால் பொரியத் தொடங்கும். வைத்திருப்பவர்கள் 45 முதல் 50 சதவீத ஈரப்பதம் காட்டும் டிரை கேபினெட்டில் வையுங்கள். ஷூர் எஸ்எம்7பி போன்ற மைக்குக்கு 60 டெசிபல் அளவு கெயின் (ஒலிப்பெருக்கம்) தேவை. இந்தப் பெட்டியின் முன்பக்க மைக் நுழைவு ராஃப் எடுக்கப் போதும். இறுதிக் குரலை நல்ல ஆடியோ இன்டர்ஃபேஸில்தான் எடுக்க வேண்டும். ஏர்கானும் மின்விசிறியும் அணைந்திருக்கட்டும். அறை வெந்துபோகும் என்பதால் ஒரு டேக்கை ஒரு வெர்ஸுக்கு மேல் இழுக்காதீர்கள்.

தமிழில் ‘ப்ப’வும் ‘க்க’வும் ‘ட்ட’வும் ஆங்கில ராப்பில் இல்லாத அளவுக்கு அடிக்கடி வரும். மைக்குக்கும் வாய்க்கும் 12 சென்டிமீட்டர், நடுவில் பாப் ஃபில்டர், மைக் வாய்க்கு நேராக இல்லாமல் சற்றுச் சாய்ந்து. கம்ப்ரஸரின் அட்டாக், அதாவது அது நசுக்கத் தொடங்க எடுக்கும் நேரம், 15 முதல் 20 மில்லிசெகண்ட். அதைவிடக் குறைத்தால் இரட்டை எழுத்துகளின் கடினம் கரைந்து, பாடகர் உளறுவது போல ஆகிவிடும். சோம்பலாகப் பாடுவது வேறு, சொல் தெரியாமல் பாடுவது வேறு.

வரியில் பெரிய சிக்கல் வினைச்சொல் கடைசியில் வருவது. ‘பாக்குறேன், கேக்குறேன், நடக்குறேன்’ என்று இயைபு சும்மா கிடைக்கும். நான்கு வரியில் சலித்துவிடும். பெயர்ச்சொல்லைக் கடைசிக்கு இழுத்து, வரித் தொடக்கத்தில் எதுகையை வைத்தால் நிதானமான நடைக்கு அதுவே சட்டகம்:

ராத்திரி மழை ஓஞ்சதும் செந்தூல் ரோட்டுல ஈரம்
காத்திரு மச்சான், பஸ்ஸு வர இன்னும் கொஞ்ச நேரம்

முதல் வரியில் பதினைந்து அசை (சிலபிள்). ஒரே பாரில் திணித்தால் பதினாறு கட்டமும் கிட்டத்தட்ட நிரம்பி மூச்சு முட்டும். ‘ஓஞ்சதும்’ வரை முதல் பார், கடைசி பீட் காலி. மீதி அடுத்த பாரில், ‘ஈரம்’ நான்காவது பீட்டில். அந்தக் காலி பீட்டில்தான் உறுமி முனக வேண்டும். பீட் செய்பவரும் எழுதுபவரும் ஒரே மேசையில் உட்கார்ந்தால்தான் இது நடக்கும்.

பெட்டியின் நிஜக் குறை வெளியேறும் வழியில் இருக்கிறது. யூஎஸ்பி வழியாகவும் ஸ்டீரியோ மட்டுமே. கிக், ஸ்நேர், பாஸ் எல்லாம் தனித்தனித் தடமாகக் கணினியில் வேண்டுமென்றால், ஒவ்வொன்றையும் தனியே ஓட்டிப் பதிந்து, தொடக்கத்தில் ஒரு கிளிக் வைத்து வரிசைப்படுத்துவது நம்பகமான வழி. பத்துப் பாட்டுக்கு இது பொறுமையைச் சோதிக்கும் வேலை. தவிர்த்தால் குரலுக்கு இடம் ஒதுக்க முடியாது. மாஸ்டரில் சத்தத்தைத் துரத்தாதீர்கள்: ஸ்பாட்டிஃபையும் யூடியூப்பும் சத்தமான பாட்டை மைனஸ் 14 எல்யூஎஃப்எஸ் (சராசரிச் சத்த அளவு) மட்டத்துக்குத்தான் இறக்கும், ஆப்பிள் மியூசிக் மைனஸ் 16. மைனஸ் 8க்கு நசுக்கிய பாட்டு அங்கே மெலிந்து கேட்கும். உச்சம் மைனஸ் 1 டெசிபல்.

வரவேற்பு என்று பார்த்தால், இங்கே தமிழ் ராப்புக்கு ஒரு பெரிய நிழல் இருக்கிறது. யோகி பி & நட்சத்திராவின் ‘வல்லவன்’ ஆல்பம் 2006இல் வந்தது; அதில் இளையராஜாவின் 1980ஆம் ஆண்டுப் பாட்டிலிருந்து எழுந்த ‘மடை திறந்து’ எல்லார் வாயிலும் புகுந்தது. அந்த வேகமும் வீச்சும்தான் ‘ராப் என்றால் இது’ என்ற அளவுகோல். சாவகாசமான ஆல்பத்தைக் கேட்பவர் முதலில் ‘எப்போது ஆரம்பிக்கும்’ என்றுதான் காத்திருப்பார். அதனால் முன்னிசை எட்டு விநாடிக்குள் முடியட்டும். ஸ்பாட்டிஃபையில் 30 விநாடி கேட்டால்தான் ஒரு ஸ்ட்ரீம் என்பதையும் மறக்க வேண்டாம். ‘எல்லாப் பாட்டும் ஒரே மாதிரி’ என்ற குறை வந்தால் காரணம் பெரும்பாலும் ஒரே டெம்போ, ஒரே ஸ்நேர், ஒரே சுருதி. 78, 90, 84 என்று மாற்றி அடுக்கி, இரண்டு பாட்டுக்கு ஒரு முறை ஸ்நேரை மாற்றினாலே பாதி குறை தீரும். ‘வார்த்தை கேட்கவில்லை’ என்பது அதைவிட நியாயமான குறை. நம்மவர்கள் வரியைக் கேட்பவர்கள். பிடித்த ஆங்கில லோ-ஃபை ஆல்பத்தில் குரல் இருக்கும் மட்டத்தைவிட ஒன்றிரண்டு டெசிபல் மேலே வையுங்கள். ஹெட்ஃபோனில் சரியாக இருந்தால் போதாது. ஃபெடரல் நெடுஞ்சாலையில் ஏர்கான் ஓடும் காடிக்குள் ஒரு தடவை கேட்டுவிட்டு முடிவெடுங்கள்.

மின்னல் எஃப்எம், ராகா ஆகிய தமிழ் வானொலிகளுக்கு அனுப்ப ஆல்பத்தில் ஒரு பாட்டாவது தெளிவான ஹூக்கோடு (மனதில் ஒட்டும் பல்லவியோடு) இருக்கட்டும். ஸ்பாட்டிஃபையில் ஆசிரியர் குழுப் பட்டியலுக்கு விண்ணப்பிக்க, வெளியீட்டுக்குக் குறைந்தது ஏழு நாள் முன்னால் பாட்டு ஏறியிருக்க வேண்டும். 2024 முதல், கடந்த பன்னிரண்டு மாதத்தில் 1000 ஸ்ட்ரீம் தொடாத பாட்டுக்கு அங்கே உரிமைத்தொகை கிடையாது. எழுதியவரும் மெட்டமைத்தவரும் எம்ஏசிபி என்ற மலேசிய இசைப் படைப்பாளர் உரிமை அமைப்பில் பதிவது வானொலித் தொகைக்கு அவசியம். பங்கு எத்தனை சதவீதம் என்பதை வெளியீட்டுக்கு முன்பே தாளில் எழுதிக் கையெழுத்திடுங்கள். பாட்டுப் பெயரை ரோமன் எழுத்தில் கொடுக்கும்போது ‘த’வுக்கு எந்த எழுத்துக்கூட்டு என்று ஒன்றை முடிவுசெய்து, ஆல்பம் முழுக்க, சமூக ஊடகப் பதிவுகளிலும் சேர்த்து, அதையே பயன்படுத்துங்கள். ஒரு இடத்தில் ஒன்றும் இன்னொரு இடத்தில் வேறொன்றுமாக இருந்தால், காடியில் கேட்டுவிட்டு வீட்டில் தேடுபவருக்குப் பாட்டு அகப்படாது.