120 ரூபாய் அடாப்டர் வாங்கி ஏமாந்தேன், நீங்களும் வாங்கிவிடாதீர்கள்

சென்னை ரிச்சி ஸ்ட்ரீட்டில் 5 வோல்ட் அடாப்டர் வாங்கப் போகிறவர்கள் இதைப் படித்துவிட்டுப் போங்கள். மொட்டை மாடித் தொட்டி நிரம்பினால் மோட்டார் தானாக நிற்கிற மாதிரி ஈஎஸ்பி32 என்கிற சின்ன வைஃபை கன்ட்ரோலர் போர்டில் ஒரு செட்டப் செய்தேன். அதற்கு ஒரு கடையில் "5 வோல்ட், 3 ஆம்ப், ஒரிஜினல் சார்" என்று 120 ரூபாய்க்குக் கொடுத்தார்கள். கையில் எடுத்தபோதே காலி டப்பா மாதிரி லேசாக இருந்தது. அப்போதே யோசித்திருக்க வேண்டும், விலையைக் கேட்டதும் புத்தி வேலை செய்யவில்லை.

முதல் வாரமே தொல்லை. வைஃபை இணைகிற நொடியில் போர்டு ரீஸ்டார்ட் ஆகும், போர்டு அனுப்புகிற செய்திகளைக் கம்ப்யூட்டரில் காட்டுகிற சீரியல் மானிட்டரில் 'பிரவுன்அவுட்' (வோல்டேஜ் இறங்கிவிட்டது) என்று வரும். நான் எழுதிய ப்ரோகிராம் கோடில்தான் தப்பு என்று இரண்டு வாரம் தூக்கம் கெட்டேன். கடைசியில் 4.7 ஓம், 10 வாட் சிமெண்ட் ரெசிஸ்டரை அடாப்டரில் மாட்டி (ஏறக்குறைய 1 ஆம்ப் இழுக்கும், தொட்டால் கை வெந்துவிடும்) மீட்டரில் பார்த்தால் 4.1 வோல்ட். 3 ஆம்ப் ஸ்டிக்கர் ஒட்டியது 1 ஆம்புக்கே படுத்துவிட்டது.

சரி, 120 ரூபாயோடு போகட்டும் என்று விட்டிருப்பேன். ஆனால் தண்ணீர் மட்டம் தெரிய போர்டிலிருந்து தொட்டிக்குள் தொங்கவிட்டிருந்த ஸ்டீல் கம்பியை ஒருநாள் ஈரக்கையோடு தொட்டேன், சுர்ரென்று ஏறியது. அம்மா தினமும் மூடியைத் திறந்து தண்ணீர் எவ்வளவு இருக்கிறது என்று பார்க்கிற தொட்டி அது. ப்ளக்கைப் பிடுங்கி, ஒருநாள் விட்டு, பிரித்தேன். (உடனே பிரிக்காதீர்கள், உள்ளே பெரிய கெபாசிட்டரில் 300 வோல்ட்டுக்கு மேல் தங்கியிருக்கலாம்.)

ஃப்யூஸ் இல்லை. 230 வோல்ட் பக்கத்துக்கும் 5 வோல்ட் பக்கத்துக்கும் நடுவே 6 மில்லிமீட்டராவது இடைவெளி வேண்டும், இதில் 2 கூட இல்லை. இரண்டு பக்கத்தையும் இணைக்கிற கெபாசிட்டர் ஒய் ரகமாக இருக்க வேண்டும், கெட்டுப்போனாலும் ஷார்ட் ஆகாத மாதிரி செய்வார்கள். அது வழியாக நல்ல அடாப்டரிலும் இம்மியளவு கசியும், அதனால் ஆபத்தில்லை. இதில் இருந்ததோ எந்தக் குறியும் இல்லாத சாதாரண நீல வட்டு. அது ஷார்ட் ஆனால் தொட்டித் தண்ணீரில் வீட்டுக் கரண்ட் இறங்கிவிடும். நினைத்தாலே வயிற்றைக் கலக்குகிறது.

கடைக்குத் திரும்பப் போனேன். "கரண்ட் ஐட்டத்துக்கு கேரண்டி கிடையாது சார், வேணும்னா 180 ரூபாய்ல வேற இருக்கு" என்றார். ஸ்டிக்கரில் பிஐஎஸ் (இந்தியத் தர நிர்ணய அமைப்பு) முத்திரையும், தயாரிப்பாளருக்குக் கொடுக்கிற ஆர் என்று தொடங்கும் பதிவு எண்ணும் அழகாக அச்சடித்திருந்தது. பிஐஎஸ் கேர் ஆப்பில் அந்த எண்ணைப் போட்டால் எல்இடி விளக்கு செய்கிற யாரோ ஒருவருடையது என்று வருகிறது! வாங்குவதற்கு முன்பு கடையிலேயே நின்று இதைப் பார்த்திருக்கலாம், இரண்டு நிமிட வேலை.

இப்போது பழைய போனோடு வந்த 5 வோல்ட் 2 ஆம்ப் சார்ஜர்தான் ஓடுகிறது, அதே ரெசிஸ்டரை மாட்டியும் 4.9க்குக் கீழே இறங்கவில்லை. கம்பிகளை எடுத்துவிட்டுத் தண்ணீரைத் தொடாத அல்ட்ராசானிக் சென்சார் வைத்துவிட்டேன். மேசையில் சோதனை செய்ய மட்டும் பவர் பேங்க். ஒன்று, போர்டு ஸ்லீப் மோடில் போனால் இழுக்கிற கரண்ட் போதாமல் பல பவர் பேங்க் தானே அணைந்துவிடும், அதையும் கோட் தப்பு என்று நினைத்து உட்கார்ந்துவிடாதீர்கள்.