கூர் போகவில்லை, இடுக்குதான் அடைக்கிறது

ஷேவிங் ரேசரில் மாட்டும், மூன்று பிளேடு உள்ள கார்ட்ரிட்ஜ் ஒன்றை இரண்டரை மாதம் ஓட்டினேன் என்றதும் நண்பன் நம்பவில்லை. எப்படி என்று கேட்டான். இரண்டு வருடமாகச் செய்து பார்த்ததைச் சொல்கிறேன்.

ஜீன்ஸ் துணியில் பிளேடைப் பின்பக்கமாகத் தேய்ப்பதில்தான் நானும் தொடங்கினேன். மூன்று மாதம் விடாமல் செய்தும் ஒரு ஷேவ்கூடக் கூடுதலாகக் கிடைக்கவில்லை. காரணம் பிறகுதான் புரிந்தது. முடி, பிளேடின் எஃகைவிட ஏறக்குறைய 50 மடங்கு மென்மையானது. அப்படியிருந்தும் முனை போகிறதே? எம்.ஐ.டி. ஆய்வாளர்கள் 2020இல் மின்னணு நுண்ணோக்கியில் பார்த்துச் சொன்னார்கள்: முடி வளைந்து சாய்வாக அழுத்தும்போது, எஃகு சீராக இல்லாத இடத்தில் சில்லு தெறிக்கிறது. தெறித்துப்போனதைத் துணி எங்கிருந்து கொண்டுவரும்?

அப்புறம் பிளேடை விட்டுவிட்டுத் தாடியைக் கவனித்தேன். குளித்த கையோடு ஷேவ். இல்லையென்றால் வெந்நீரில் நனைத்த துண்டை மூன்று நிமிடம் முகத்தில் வைத்திருந்து, பிறகுதான் நுரை. ஊறிய முடி எளிதில் வெட்டுப்படும். ஆறாவது ஷேவிலேயே இழுத்த பிளேடு, வாரம் இரண்டு முறை என்ற கணக்கில் இருபதை எட்டியது. முடித்ததும் அலசி, உதறி, குளியலறைக்கு வெளியே வைப்பேன். துண்டால் துடைப்பதில்லை.

சரி, இனி என் ஆத்திரம். கார்ட்ரிட்ஜில் பிளேடுகளை ஒட்டி இருக்கும் அந்த வழவழப்புப் பட்டை! நனைந்ததும் கூழாகி பிளேடுகளுக்கு நடுவே இறங்குகிறது. வெட்டிய முடியும் நுரையும் அதில் ஒட்டி, காய்ந்தால் பசைபோல இறுகிவிடுகிறது. பின்பக்கமிருந்து தண்ணீரைப் பீய்ச்சினால் பாதிதான் வரும். தொட்டி விளிம்பில் தட்டித் தட்டி ஒரு கார்ட்ரிட்ஜின் பிளேடே கோணிப் போனது. முதல் நான்கைந்து ஷேவுக்குப் பட்டை சருமத்துக்கு இதமாக இருக்கிறது, அதை மறுக்கவில்லை. ஆனால் நான் கடைசியாகத் தூக்கிப்போட்ட நான்கில் ஒன்றுகூட மழுங்கவில்லை. எல்லாமே இடுக்கு அடைத்துத்தான் போயின. கூர் இருக்கும்போதே எறிய வைக்கும் பொருளை எப்படி நல்லது என்பது?

நண்பனிடம் வழியையெல்லாம் சொல்லிவிட்டு, இந்தக் கார்ட்ரிட்ஜை வாங்காதே என்றேன். இருபக்கமும் வெட்டும் ஒற்றை பிளேடு ரேசருக்கு நான் மாறி மூன்று வாரம் ஆகிறது. முதல் பிளேடு ஆறாவது ஷேவிலேயே லேசாக இழுக்கிறது. இருக்கட்டும். திருகைத் தளர்த்தி அலசினால் ஒரு துணுக்குக்கூட மிஞ்சுவதில்லை.