எக்செல் பாக்ஸ் பிளாட்: அவுட்லையர் பிடிக்க எவ்வளவு நம்பலாம்?

எண்களின் கூட்டத்தில் துருத்திக்கொண்டு நிற்பதை, அதாவது அவுட்லையரை, காட்ட எக்செல் 2016-இல் வந்த வசதி, பாக்ஸ் அண்ட் விஸ்கர் படம். நெடுவரிசையைத் தேர்ந்தெடுத்து, இன்சர்ட்டில் புள்ளியியல் படங்களுக்குள் போனால் வேலை முடிந்தது. படம் அழகு. எது அவுட்லையர் என்று அது முடிவு செய்யும் விதத்தில்தான் சிக்கல்.

விதி புள்ளியியலாளர் ஜான் டூக்கியுடையது. எண்களை வரிசைப்படுத்தினால் கால் பங்கிலும் முக்கால் பங்கிலும் வரும் மதிப்புகள் கால்மானங்கள், அவற்றுக்கு இடைப்பட்டதே படத்தின் பெட்டி. அந்தக் கால்மான இடைவெளியைப் போல் 1.5 மடங்குக்கு மேல் பெட்டியை விட்டு விலகினால் தனிப்புள்ளி, அதாவது அவுட்லையர். ஆனால் கால்மானத்தையே எக்செல் இரண்டு விதமாகக் கணக்கிடும். 12, 13, 13, 14, 14, 15, 15, 16, 17, 20 என்று பத்து எண்களைக் கொடுத்துப் பாருங்கள். தானாக வரும் ‘எக்ஸ்க்ளூசிவ்’ முறையில் மேல் எல்லை 21.125, 20 சாதுவாக உள்ளே அடங்கிவிடும். ‘இன்க்ளூசிவ்’ என்று மாற்றினால் எல்லை 19.5, அதே 20 அவுட்லையர்! புள்ளியியலுக்கான ஆர் நிரல்மொழியின் பாக்ஸ்பிளாட்டுக்கோ எல்லை 20.5. எந்த முறை என்று படத்தில் எங்கும் தெரியாது. அறிக்கையில் நீங்களே எழுதிவிடுங்கள். 1.5-ஐ மாற்ற ஆரில் வழியுண்டு, எக்செல் படத்தில் இல்லை. பிடிபட்ட எண்களைப் பட்டியலாகவும் தராது.

பக்கத்தில் இசட் மதிப்புப் போட்டு (சராசரியிலிருந்து எத்தனை திட்ட விலக்கம், அதாவது சிதறல் அளவு, தள்ளியிருக்கிறது என்ற கணக்கு), 3-ஐத் தாண்டியதைப் பிடிப்பது பலரின் வழக்கம். சிறு தரவுக்கு அது வீண். மேலே உள்ள 20-ஐ யாரோ 200 என்று அடித்துவிட்டால்கூட அதன் இசட் 2.845தான். அந்த 200-ஏ சராசரியை 32.9-க்கும் திட்ட விலக்கத்தை 58.7-க்கும் இழுத்துவிடுகிறது. பத்து எண்களில் இசட் 2.85-ஐத் தாண்டவே முடியாது. 3-ஐத் தொடக் குறைந்தது பதினொன்று வேண்டும்.

இடைநிலை அளவை, அதாவது வரிசையின் நடு மதிப்பை, வைத்துப் பார்ப்பதே உருப்படியான வழி. இங்கே அது 14.5. ஒவ்வொரு எண்ணும் அதிலிருந்து எவ்வளவு தள்ளியிருக்கிறது என்று குறியில்லாமல் எடுத்து, அந்தத் தூரங்களின் இடைநிலை அளவைக் காணுங்கள்: 1.5. பிறகு தூரத்தை 0.6745-ஆல் பெருக்கி 1.5-ஆல் வகுத்தால், 200-க்கு 83 வரும். பழைய 20-க்கு 2.47. வழக்கமான எல்லை 3.5. இதற்கு எக்செலில் நேரடிச் சார்பு கிடையாது (ஏவ்டெவ் என்ற சார்பு சராசரியை வைத்துக் கணக்கிடுவது, ஏமாற வேண்டாம்). சூத்திரத்தை நீங்களே எழுத வேண்டும்; பழைய பதிப்புகளில் அதை எழுதி முடித்ததும் கன்ட்ரோல், ஷிஃப்ட், என்டர் மூன்றையும் சேர்த்து அழுத்த வேண்டும்.

பாதிக்கு மேல் ஒரே எண்ணாக இருந்தால் தூரங்களின் இடைநிலை அளவு பூஜ்யமாகி, வகுத்தல் பிழை காட்டும். முக்கால்வாசிக்கு மேல் ஒரே எண் என்றால் பெட்டியும் பெரும்பாலும் கோடாகச் சுருங்கி, மிச்சமெல்லாம் அவுட்லையராகிவிடும்.