'மனு போட்டாயிற்று' என்ற வாய்ச்சொல்லை நம்பி 11 ஆண்டுகளை இழந்தோம்

கன்னியாகுமரி மாவட்டம் தக்கலையை ஒட்டிய எங்கள் ஊரில், தகப்பனார் விலைக்கு வாங்கிய 14 சென்ட் தென்னை விளையை (தோப்பை)ப் பக்கத்து விளைக்காரர் வளைத்துக்கொண்டதோடு, அதற்குச் செல்லும் வண்டிப் பாதையின் குறுக்கே சுவரும் கட்டிவிட்டார். பத்மநாபபுரத்தில் நடந்த வழக்கில் 2012 மார்ச்சில் எங்களுக்குச் சாதகமாகத் தீர்ப்பாணை கிடைத்தது. நிலத்தின் சுவாதீனத்தை ஒப்படைக்க வேண்டும், சுவரை இரண்டு மாதத்துக்குள் இடிக்க வேண்டும் என இரண்டு பரிகாரங்கள் அதில் இருந்தன. எதிர்த்தரப்பு மேல்முறையீடு செய்யவில்லை. எல்லாம் முடிந்துவிட்டது என்றே வீட்டில் அனைவரும் நம்பினோம்.

எங்கள் வழக்கறிஞர் முதுமையால் தொழிலை விட்டதும், அவரிடம் குமாஸ்தாவாக இருந்தவர் தீர்ப்பை நடைமுறைப்படுத்தக் கோரும் நிறைவேற்று மனுவைத் தாமே கவனித்துக்கொள்வதாகச் சொல்லி, இரண்டு தவணையாகப் பணம் வாங்கினார். ரசீது தரவில்லை. தகப்பனார் கேட்கும்போதெல்லாம், "மனு போட்டாச்சு அண்ணாச்சி, வாரண்டு வரணும், அவசரப்படாதீங்க" என்பார். வீடு தேடி வந்து ஆறுதல் சொல்லும் மனிதரிடம் மனு எண்ணைக் கேட்பது மரியாதைக் குறைவு என்று தகப்பனார் நினைத்தார். 2022-இல் அவர் காலமாகும்வரை அந்த எண்ணை யாரும் கேட்கவில்லை.

2023 செப்டம்பரில் தீர்ப்பின் சான்றிட்ட நகலுக்காக நான் நீதிமன்றம் சென்றபோதுதான், அந்த வழக்கில் நிறைவேற்று மனு எதுவும் தாக்கலாகவே இல்லை என்பது தெரிந்தது. வழக்கு விவரங்களைப் பார்க்கும் இ-கோர்ட்ஸ் இணையதளத்தில் தகப்பனார் பெயரைப் போட்டுத் தேடியபோதும் மூல வழக்கு மட்டுமே வந்தது. ஐந்து நிமிடத்தில் பார்த்திருக்கக்கூடிய செய்தி அது.

புதிய வழக்கறிஞர் தீர்ப்பாணையை வாசித்துவிட்டு முதலில் தேதியைத்தான் பார்த்தார். 1963-ஆம் ஆண்டுக் காலவரையறைச் சட்டத்தின் 136-ஆவது இனத்தின்படி சுவாதீனத் தீர்ப்பை நிறைவேற்ற 12 ஆண்டுகள் உண்டு. அதில் எங்களுக்கு ஆறு மாதமே மிச்சம் இருந்தது. சுவரை இடிக்கச் சொன்ன பகுதியோ செயலுறுத்துக் கட்டளை, அதாவது ஒன்றைச் செய்தே ஆக வேண்டும் என்ற உத்தரவு. அதற்கு 135-ஆவது இனத்தின்படி மூன்றே ஆண்டுகள்தான். இடிக்கக் கொடுத்த கெடு முடிந்த நாளிலிருந்து கணக்கிட்டால், அந்த உரிமை 2015 மே மாதத்திலேயே காலாவதியாகியிருந்தது. தாமதத்தை மன்னிக்கக் கோரும் அதே சட்டத்தின் 5-ஆவது பிரிவு, தீர்ப்பை நிறைவேற்றுவது பற்றிய உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் கட்டளை 21-இன் கீழ் வரும் மனுக்களுக்குப் பொருந்தாது. ஒரே தாளில் உள்ள இரண்டு பரிகாரங்களுக்கு இரண்டு வெவ்வேறு கெடு இருப்பதை யாரும் எங்களுக்குச் சொல்லவில்லை.

மிச்சமிருந்த காலத்துக்குள் சுவாதீனத்துக்கு நிறைவேற்று மனுத் தாக்கல் செய்தோம். தீர்ப்பாகி இரண்டு ஆண்டுகளைத் தாண்டிவிட்டதால் எதிர்த்தரப்புக்கு முன்னறிவிப்பு அனுப்ப வேண்டியிருந்தது. வாரண்டோடு நீதிமன்ற ஊழியரான ஆமீன் 2024-இல் விளைக்கு வந்த காலையில், நாங்கள் பார்த்தேயிராத ஒரு குடும்பம் அங்கே ஓட்டு வீட்டில் குடியிருந்தது. வாசல் கொடியில் பள்ளிச் சீருடை காய்ந்துகொண்டிருந்தது. வீட்டுக்காரர் 2011-இல் பதிவான கிரயப் பத்திரத்தைக் காட்டி, "நான் கேஸிலேயே இல்லை, என்மேல் தீர்ப்பும் இல்லை" என்றார். ஆமீன் தடையைக் குறித்துக்கொண்டு வாரண்டைத் திருப்பி அனுப்பினார்.

போலீஸோடு மறுபடி போகலாம் என்று ஊரில் பலரும் சொன்னார்கள். வழக்கறிஞர் கண்டிப்பாக மறுத்தார். தடை ஏற்பட்ட நாளிலிருந்து 30 நாளுக்குள் கட்டளை 21 விதி 97-இன் கீழ் மனுச் செய்ய வேண்டும். மூன்றாம் நபர் சொல்லும் உரிமையைத் தனி வழக்குக்கு அனுப்பாமல், விதி 101-இன்படி நிறைவேற்று நீதிமன்றமே விசாரித்து முடிவு செய்ய வேண்டும் என்பதே சட்டம். ஒன்பதாம் நாளே மனு தாக்கலானது.

அந்த மனிதர் வழக்குத் தொடுப்பதற்கு முன்பே வாங்கியிருந்தால், அல்லது எதிர்த்தரப்பைச் சாராத சொந்த உரிமை அவருக்கு இருந்திருந்தால், எங்கள் தீர்ப்பு அவரைக் கட்டுப்படுத்தியிருக்காது. அப்படிப்பட்டவரை வெளியேற்றிவிட்டாலும் 30 நாளுக்குள் விதி 99-இன் கீழ் அவர் முறையிடலாம், அது நியாயமும்கூட. ஆனால் எங்கள் வழக்கு நடந்துகொண்டிருந்தபோது எதிராளியிடம் வாங்கியவர் அவர் என்பதால், சொத்துரிமை மாற்றச் சட்டத்தின் 52-ஆவது பிரிவும் விதி 102-உம் அவருக்கு எதிராக நின்றன. வில்லங்கச் சான்று சுத்தமாக இருந்ததை நம்பி அவர் வாங்கியிருந்தார். வழக்கு நிலுவையில் இருப்பது பெரும்பாலும் அதில் ஏறுவதில்லை. விற்றவர் மறைத்ததற்கு அந்தக் குடும்பம் வீட்டை இழந்தது. அதில் எனக்கு மகிழ்ச்சி இல்லை.

நிறைவேற்று மனுக்களை ஆறு மாதத்துக்குள் முடிக்க வேண்டும் என்று, தமிழ்நாட்டிலிருந்து சென்ற ஒரு வழக்கில் உச்ச நீதிமன்றம் 2025 மார்ச் 6-ஆம் நாள் உயர் நீதிமன்றங்களுக்கு அறிவுறுத்தியது. ஆனால் தாக்கலாகாத மனுவுக்கு அந்த உத்தரவால் எந்தப் பயனும் இல்லை. உங்களிடம் தீர்ப்பாணை இருந்தால் மனு எண்ணை இன்றே கேட்டு வாங்கி, நீங்களே தளத்தில் சரிபார்த்துக்கொள்ளுங்கள்.

2025 ஆகஸ்டில் 14 சென்டும் எங்கள் சுவாதீனத்துக்கு வந்தது. சுவர் அப்படியே நிற்கிறது. தேங்காய் வெட்டினால் சுமையைத் தலையில் வைத்து, மூன்று விளைகளைச் சுற்றித்தான் ரோட்டுக்குக் கொண்டுவருகிறோம்.