சாவு விழுந்த வீட்டில் பிள்ளைக்கு எந்தப் படம்? எமன் படங்கள், 'கோகோ', 'எ மான்ஸ்டர் கால்ஸ்': ஓர் ஒப்பீடு

வீட்டில் ஒரு சாவு விழுந்து காரியமும் முடிந்துவிட்டால் பெரியவர்கள் அவரவர் வேலையைப் பார்க்கக் கிளம்பிவிடுவார்கள். பிள்ளைகள்தான் நடுவில் மாட்டிக்கொண்டு நிற்கும். எங்கள் அம்மா இறந்தபோது அக்கா மகனுக்கு அதுதான் நடந்தது. பன்னிரண்டு வயது. பிறந்ததிலிருந்து ஆயா பக்கத்திலேயே படுத்துத் தூங்கியவன். காரியத்துக்குப் பிறகு பேச்சே இல்லை. கேட்டால் தலையை ஆட்டுவான், அவ்வளவுதான். நேராக உட்காரவைத்துச் சாவைப் பற்றிப் பேச எங்களுக்கும் வாய் வரவில்லை. ஒரு படத்தைப் போட்டால் அதைச் சாக்காக வைத்தாவது பேசுவான் என்று அக்காதான் சொன்னாள்.

நிஜக் கதை வேண்டாம், மாயாஜாலக் கதையாக இருக்கட்டும் என்பதில் எங்களுக்குள் கருத்து வேறுபாடு இல்லை. நிஜக் கதையில் ஆஸ்பத்திரிக் கட்டிலைக் காட்டுவார்கள். அதை அவன் வீட்டிலேயே வேண்டிய அளவு பார்த்துவிட்டான். எந்த மாயாஜாலம் என்பதில்தான் பேச்சு நீண்டது. அப்பா டிவியில் அடிக்கடி வரும் எமன் காமெடி படங்களைச் சொன்னார். அக்கா 'கோகோ'வைச் சொன்னாள். நான் 'எ மான்ஸ்டர் கால்ஸ்' என்றேன். கடைசியில் மூன்றையும் அவனோடு உட்கார்ந்து பார்த்தோம். என் ஓட்டு இன்றைக்கும் மூன்றாவதுக்குத்தான்.

முதலில் எமன் படங்கள். 1990-ல் வந்த ரஜினியின் 'அதிசயப் பிறவி', 1995-ல் கார்த்திக் நடித்த 'லக்கி மேன்' இரண்டும் போதும், வகை புரிந்துவிடும். முதல் படத்தில் காலம் முடியாத ஒருவனின் உயிரைத் தவறுதலாக எடுத்துவிட்டு, அவனைப் போலவே இருக்கும் இன்னொருவன் உடம்பில் விடுகிறார்கள். இரண்டாவதில் எமலோகத்துக் கணக்குப் புத்தகம் மனிதன் கையில் சிக்குகிறது. எமனாகக் கவுண்டமணி, சித்திரகுப்தனாகச் செந்தில். சாவு வீட்டில் மறுபடியும் சிரிப்புச் சத்தம் கேட்டது இந்தப் படத்தால்தான், அந்த நன்றி எனக்கு உண்டு. ஆனால் இந்தக் கதைகளில் சாவு என்பது ஒரு கணக்குப் பிழை. வாதாடினால் திருத்திவிடலாம். சாவித்திரி எமனிடம் பேசி சத்தியவானை மீட்டதிலிருந்து வருகிற வழி இது. பெரியவர்களுக்கு அது வேடிக்கை. பையன் கேட்டது வேறு: "அப்போ ஆயாவைக்கூட தப்பா தூக்கினு போய்ட்டாங்களா மாமா?" இந்த வகையைப் பற்றி இதற்கு மேல் நான் யோசிக்கவில்லை.

உண்மையான போட்டி மற்ற இரண்டுக்கும்தான். இரண்டும் ஏறக்குறைய ஒன்றே முக்கால் மணி நேரப் படங்கள். இரண்டிலும் மையம் ஒரு சிறுவன். இரண்டையும் ஆங்கிலத்தில் போட்டு, இடையிடையே நான் தமிழில் சொல்லிக்கொண்டு வந்தேன். 'கோகோ'வுக்கு அது அதிகம் தேவைப்படவில்லை. கண்ணால் பார்த்தே புரிந்துகொள்ளலாம். 'எ மான்ஸ்டர் கால்ஸ்' படத்தில் மரம் சொல்லும் கதைகளை நிறுத்தி நிறுத்தி விளக்க வேண்டியிருந்தது. நடுவில் நிறுத்தினால் எரிச்சலாகிற பிள்ளை என்றால் இது ஒரு குறைதான்.

2017-ல் வந்த 'கோகோ' நம் ஊர்க்காரர்களுக்கு அந்நியமாகவே தெரியாது. மெக்சிகோவில் நவம்பர் 1, 2 தேதிகளில் இறந்தவர்களுக்காகக் கொண்டாடும் நாள்தான் கதைக்களம். செத்தவர்களின் படத்தை வைத்து, அவர்களுக்குப் பிடித்ததைப் படைத்து, செண்டுமல்லி இதழ்களைத் தூவி வழி காட்டுகிறார்கள். காசிமேட்டில் அதே நவம்பர் 2 கல்லறைத் திருநாள். கல்லறைகளைக் கழுவி, வெள்ளையடித்து, பூவும் மெழுகுவத்தியும் வைப்பதைப் பார்த்து வளர்ந்தவர்கள் நாங்கள். எங்கள் வீட்டில் அமாவாசைக்குப் படையல், அதில் அம்மாவுக்குப் பிடித்த வஞ்சிரம் வறுவல். பையனுக்கு இதையெல்லாம் விளக்கவே வேண்டியிருக்கவில்லை. மிகேல் என்ற சிறுவன் உயிரோடு செத்தவர்கள் உலகத்துக்குப் போய்த் தன் கொள்ளுப்பாட்டியின் அப்பாவைத் தேடுகிற கதை அவனுக்குப் பிடித்தது. கடைசியில் நினைவு மங்கிப்போன அந்தக் கொள்ளுப்பாட்டிக்கு அவள் அப்பா பாடிய பாட்டை மிகேல் பாடிக்காட்டும்போது அக்கா அழுதாள். நானும்தான்.

ஆனால் அந்தப் படத்துக்குள் ஒரு சட்டம் இருக்கிறது. உயிரோடு இருப்பவர்களில் ஒருவராவது நினைத்துக்கொண்டிருக்கும் வரைதான் செத்தவர் அந்த உலகத்தில் இருப்பார். கடைசி ஆளும் மறந்துவிட்டால் அங்கேயும் கரைந்து காணாமல் போவார். படத்தில் ஒரு கிழவர் அப்படிக் கரைவதைக் காட்டுகிறார்கள். அதோடு, வீட்டில் யாரும் படம் வைத்துக் கும்பிடாத செத்தவரால் அந்த ஒரு நாளில்கூட இரண்டு உலகத்துக்கும் நடுவில் இருக்கும் பாலத்தைத் தாண்டி வர முடியாது. படம் முடிந்ததும் பையன் வாயைத் திறந்தான். "ஆயாவோட அம்மா பேர் இன்னா?"

யாருக்கும் தெரியவில்லை. அப்பாவுக்குக்கூட. எல்லோரும் கிழவி என்றுதான் கூப்பிடுவார்களாம். படம் எதுவும் கிடையாது. எங்கள் அம்மாவுக்கே மாலை போட்டு மாட்ட ஒழுங்கான படம் கிடைக்காமல், வாக்காளர் அட்டையில் இருந்த முகத்தை ஸ்டுடியோவில் பெரிதாக்கி, பின்னால் நீல நிறம் போட்டு வாங்கிவந்தோம். எங்கள் தெருவில் பாதி வீடுகளில் தொங்குவது அப்படிப்பட்ட படம்தான். இரண்டு தலைமுறைக்கு முன்னால் போய் யார் என்று கேட்டால் பதில் இருக்காது. பல தலைமுறைக்குப் படமும் பெயரும் வைத்திருக்கிற குடும்பத்துக்கு 'கோகோ'வின் சட்டம் இனிக்கும். மீன்கூடை சுமந்து, அந்தந்த நாளைக்கு அன்றன்று சம்பாதித்துத் தின்ற குடும்பத்துக்கு அது கொடுமையாக இருக்கிறது. எங்கள் பையன் அன்றைக்கு இரவு ஒரு நோட்டை எடுத்து ஆயாவைப் பற்றி எழுத ஆரம்பித்தான். பார்க்க அழகாக இருந்தது. ஏன் என்று கேட்டபோது, தான் மறந்துவிட்டால் ஆயா மறுபடியும் செத்துவிடும் என்றான். பன்னிரண்டு வயதுப் பிள்ளை தலையில் ஏற்றுகிற சுமையா அது? படத்தை எடுத்தவர்கள் அப்படி நினைத்திருக்க மாட்டார்கள் என்று நம்புகிறேன். ஆனாலும் அந்தக் கதை போட்ட சட்டத்துக்கு அதுதான் அர்த்தம்.

இன்னொன்று. நினைவில் வைத்துக்கொள்கிற வேலையை வடசென்னை ஏற்கெனவே செய்கிறது. அம்மா இறந்த ராத்திரி கானா பாடினார்கள். ஐஸ் பெட்டிக்குப் பக்கத்தில் பெஞ்சு போட்டு உட்கார்ந்து விடிய விடியப் பாட்டு. பிள்ளைகள் பெயர், பேரன் பெயர் எல்லாம் கேட்டு வாங்கிப் பாட்டுக்குள் கோத்தார்கள். காசிமேட்டு ஏலத்தில் அவள் விலை கேட்கும் குரலைக்கூட ஒருவர் பாடிக்காட்டினார். மறுநாள் மூலகொத்தளம் மயானம் வரைக்கும் பூவும் பறையும். 'கோகோ' சொல்லிக்கொடுக்க வருவதைத் தெருவே செய்து முடித்துவிட்டது. அப்படியானால் தெருவால் கொடுக்க முடியாதது எது? நான் படங்களை நிறுத்துப் பார்த்தது இந்த ஒரு கேள்வியை வைத்துத்தான்.

'எ மான்ஸ்டர் கால்ஸ்' 2016-ல் வந்தது. ஜே.ஏ. பயோனா இயக்கியது. கதையின் கருவை யோசித்த எழுத்தாளர் ஷிவான் டவுட் புற்றுநோயால் 2007-ல் இறந்துபோனார். அதை எடுத்துப் பேட்ரிக் நெஸ் நாவலாக எழுதினார், படத்துக்கும் அவரே எழுதினார். கானர் என்ற பையனின் அம்மாவுக்குப் புற்றுநோய். ஜன்னலுக்கு வெளியே தெரியும், யூ என்ற வகையைச் சேர்ந்த பழைய மரம் இரவு 12:07-க்கு எழுந்து நடந்துவருகிறது. மூன்று கதை சொல்வேன், நாலாவது கதையை நீ சொல்ல வேண்டும், அது உண்மையாக இருக்க வேண்டும் என்கிறது.

மரம் வருவது அம்மாவைக் காப்பாற்ற என்றுதான் கானர் நினைக்கிறான், பார்ப்பவர்களும் நினைக்கிறோம். அதற்குத் தகுந்த மாதிரி டாக்டர்கள் கடைசியாகத் தரும் மருந்தும் யூ மரத்திலிருந்து எடுத்தது. இது கற்பனை அல்ல. பேக்லிடாக்ஸல் என்ற புற்றுநோய் மருந்தை முதன்முதலில் பிரித்தெடுத்ததே யூ மரப்பட்டையிலிருந்துதான். ஆனால் படத்தில் அந்த மருந்து கேட்கவில்லை. மரம் வந்தது பையனைக் குணப்படுத்த. மாயாஜாலம் கையில் இருந்தும் சாவின் மேல் கைவைக்காத கதை இது. எமன் படங்களுக்கும் இதற்கும் உள்ள தூரம் அங்கேயே தெரிந்துவிடுகிறது.

முதல் இரண்டு கதைகளையும் நீர்வண்ண ஓவியம் அசைவதுபோலக் காட்டுகிறார்கள். முதல் கதையில் கெட்ட ராணி கொலைகாரி இல்லை, நல்ல இளவரசன்தான் கொலை செய்தவன். எங்கள் பையனுக்கு இது பிடிக்கவே இல்லை. யார் பக்கம் நிற்பது என்று கோபப்பட்டான். மூன்றாவது கதை சுருக்கம், அதை விட்டுவிடலாம். முக்கியமானது நாலாவது. கானருக்குத் திரும்பத் திரும்ப ஒரு கெட்ட கனவு. கல்லறை நிலம் பிளந்து அம்மா பள்ளத்தில் விழுகிறாள். அவன் கையைப் பிடித்திருக்கிறான். கை நழுவிவிடுகிறது. அவன் சொல்ல மறுக்கும் உண்மை: நழுவவில்லை, விட்டுவிட்டான். இன்னும் கொஞ்ச நேரம் பிடித்திருக்க முடியும். இந்த வேதனை எப்படியாவது முடிந்தால் போதும் என்று ஒரு பக்கம் அவன் மனசு கேட்டது.

நாள்பட்ட நோயாளி இருந்த வீட்டில் வளர்ந்தவர்களுக்கு இந்த இடத்தை விளக்கத் தேவையில்லை. எங்கள் அம்மாவுக்கு நுரையீரல் போய்விட்டது. வாடகைக்கு எடுத்த ஆக்சிஜன் மெஷின் ராத்திரி பகலாக ஓடும். ஒரே அறைதான், எல்லோரும் அங்கேதான். தெருப் பெண்கள் பார்க்க வரும்போது, இப்படி இழுத்துக்கொண்டு கிடப்பதற்குப் போய்ச் சேர்ந்தால் தேவலை என்று வாய்விட்டே சொல்வார்கள். அதில் கெட்ட எண்ணம் கிடையாது, பாசத்தில் சொல்வதுதான். அம்மாவே சொல்வாள். பெரியவர்களுக்கு அப்படிச் சொல்ல உரிமை உண்டு. அதையே ஒரு பிள்ளை நினைத்தால் பாவம் என்று நினைத்துக்கொள்ளும். யாரிடமும் சொல்லாது. கானாவில் அதற்கு இடமில்லை, படையலில் இல்லை, மாலை போட்ட படத்துக்கு முன்னால் நிச்சயமாக இல்லை.

படம் முடிந்து வெகுநேரம் கழித்து, பாயை விரிக்கும்போது பையன் சொன்னான்: "நைட்ல அந்த மெஷின் நின்னா நல்லாருக்கும்னு நெனச்சிருக்கேன் மாமா. நான் நெனச்சதாலதான் ஆயா செத்துச்சா?"

அதற்கு என்ன சொல்வது என்று எனக்குச் சொந்தமாகத் தெரிந்திருக்காது. படத்தில் மரம் கானரிடம் சொல்வதைத்தான் பிடித்துக்கொண்டேன். மனசு ஒரே நேரத்தில் நூறு விதமாக நினைக்கும், ஒன்றுக்கொன்று முரணாகக்கூட. நினைத்தது கணக்கில் வராது, செய்ததுதான் வரும். அப்படியென்றால் நீ என்ன செய்தாய் என்று பார்ப்போம் என்றேன். மெஷினில் மாட்டியிருந்த தண்ணீர் பாட்டில் குறைந்தால் யார் முதலில் பார்ப்பார்கள்? அவன்தான். கரண்ட் போனதும் தூக்கத்திலிருந்து எழுந்து, சிலிண்டருக்கு மாற்றச் சொல்லி எங்களை உலுக்கியது யார்? அவன்தான். மூக்கில் குழாய் உறுத்துகிறது என்று ஆயா சொன்னபோது காதுப் பக்கம் பஞ்சு வைத்துச் சரிசெய்ததும் அவனே. ஒவ்வொன்றாகச் சொல்லச் சொல்ல, விட்டுப்போனதை அவனே எடுத்துக்கொடுத்தான். அவன் அழுதது அப்போதுதான். மூலகொத்தளத்தில்கூட அழாத பையன்.

'கோகோ' இனிமேல் செய்ய வேண்டியதைச் சொல்கிறது. 'எ மான்ஸ்டர் கால்ஸ்' நீ செய்ததே போதும் என்கிறது. எங்கள் வீட்டுக்குத் தேவைப்பட்டது இரண்டாவது.

எல்லோருக்கும் இதையே சொல்ல மாட்டேன். இருட்டான படம், அமெரிக்காவில் பதின்மூன்று வயதுக்குக் கீழ் எச்சரிக்கையோடு பார்க்கச் சொல்லும் பிஜி-13 சான்று பெற்றது. மரம் முதல்முறை சுவரை உடைத்துக்கொண்டு வரும் காட்சியில் பெரியவர்களே திடுக்கிடுவார்கள். சின்னப் பிள்ளையைத் தனியாக விட்டுப் பார்க்கச் சொல்லக் கூடாது. அப்புறம், இது நீண்ட நோயில் போனவர்களுக்கான கதை. விபத்தில் போனவர்கள், கடலுக்குப் போய்த் திரும்பாதவர்கள் வீட்டுப் பிள்ளைக்கு விடைபெற நேரமே கிடைத்திருக்காது, கையைப் பிடித்திருக்கவும் வாய்ப்பு இருந்திருக்காது. அங்கே இந்தப் படம் எப்படி வேலை செய்யும் என்பதில் எனக்கு அனுபவமில்லை. திடீர்ச் சாவைப் பேசும் 'பிரிட்ஜ் டு டெராபிதியா' (2007) ஒருவேளை பொருந்தலாம். நான் பார்த்திருக்கிறேன், ஆனால் ஒரு பிள்ளையோடு உட்கார்ந்து பார்த்ததில்லை.

அக்கா இன்னும் 'கோகோ' பக்கம்தான். அவளுடைய சின்ன மகளுக்கு ஆறு வயது, அவளுக்கு அதைத்தான் காட்டப் போகிறாள். அதில் எனக்கு மறுப்பில்லை. அந்த வயதுக்குப் பூவும் பாட்டும் நிறமும் போதும். கரைந்துபோகிற கிழவர் காட்சி வரும்போது மட்டும் பக்கத்தில் இருந்து, இது அந்தக் கதைக்கான சட்டம், நம் வீட்டுச் சட்டம் இல்லை என்று சொல்லிவிடச் சொல்லியிருக்கிறேன். பையன் இப்போதும் அந்த நோட்டில் எழுதுகிறான். ஆயாவின் அம்மா பெயரைக் கேட்டு வர, பழவேற்காட்டில் இருக்கும் பெரியம்மா வீட்டுக்கு அவனை அடுத்த லீவில் கூட்டிப்போக வேண்டும்.