சிறுகண் புல்வலை: எங்கள் குதிரையின் இரவுத் தீனிக்கு எவ்வளவு உதவியது?

அந்தியூர் குருநாதசாமி கோயில் ஆடித் திருவிழாச் சந்தையில் வாங்கிய எங்கள் கத்தியவாரி பெண்குதிரைக்காக, 4 சென்டிமீட்டர் அளவுள்ள கண்களைக் கொண்ட நைலான் புல்வலை ஒன்றை ஆறு மாதங்களுக்கு முன் வாங்கினேன். உலர்புல்லை அடைத்துத் தொங்கவிடும் வலை இது; கண்கள் சிறியவை என்பதால் குதிரை கொஞ்சம் கொஞ்சமாகவே இழுத்துத் தின்ன முடியும். தீனியை எடைபோட்டு, வேளை பிரித்துக் கொடுக்கும் வீட்டில் இது மிகவும் பயன்படும். அந்த ஏற்பாடு இல்லாத இடத்தில் வலையால் மட்டும் எதுவும் சீராகாது.

குதிரை, மாட்டைப் போல அசைபோடும் விலங்கு அன்று. அதன் இரைப்பையில் தீனி இருந்தாலும் இல்லாவிட்டாலும் அமிலம் சுரந்துகொண்டே இருக்கும். அதைத் தணிக்கும் உமிழ்நீரோ மெல்லும்போதுதான் ஊறும். அதனால் நெடுநேரம் வெறும் வயிற்றோடு நிற்கும் குதிரைக்கு இரைப்பைப் புண்ணும் வயிற்றுவலியும் வரும் வாய்ப்பு கூடுகிறது. மாலை ஆறு மணிக்குத் தொட்டியில் போட்ட 4 கிலோ உலர்புல்லை ஒன்பது மணிக்குள் முடித்துவிட்டு, விடியும்வரை தொட்டிக் கட்டையைக் கடித்துக்கொண்டு நின்ற எங்கள் குதிரையைப் பார்த்த வேதனையில்தான் இந்த வலையைத் தேடினேன்.

முதலில் அளவைக் கணக்கிட்டேன். அதன் எடை ஏறத்தாழ 350 கிலோ. நாளொன்றுக்கு உடல் எடையில் 2 சதவீதம் உலர்பொருள் (ஈரம் நீங்கலான தீனி) என்றால் 7 கிலோ. உலர்புல்லிலும் பத்தில் ஒரு பங்கு ஈரம் இருப்பதால், அதை 8 கிலோவாக வைத்துக்கொண்டேன். காலையில் 2, நண்பகலில் 2, நீண்ட இரவுக்கு 4 கிலோ என்று தொங்கு தராசில் நிறுத்தே கொடுக்கிறோம். பெரும்பகுதி கொழுக்கட்டைப் புல், கொஞ்சம் குதிரைமசால் என்னும் பயறுவகைத் தீவனம். நெல் வைக்கோலை அடைத்துப் பார்க்கலாமே என்று அக்கம்பக்கத்தில் சொன்னார்கள். சத்துக் குறைவும் சிலிக்கா மிகுதியும் உள்ள அதை முதன்மைத் தீனியாக்க எனக்கு மனம் வரவில்லை.

வலையில் போட்ட அதே 4 கிலோ இப்போது நள்ளிரவைத் தாண்டியும் இருக்கிறது. கட்டையைக் கடிப்பது வெகுவாகக் குறைந்துவிட்டது. காலடியில் மிதிபட்டு வீணாகும் புல்லும் குறைவு. முதல் வாரம் மட்டும் குதிரை எரிச்சலோடு வலையை இழுத்து உலுக்கியதால், பாதித் தீனியைத் தொட்டியிலேயே போட்டுப் பழக்கினோம்.

குறைகளும் உண்டு. வாய்க்கயிறு குட்டையாக இருப்பதால் நிரப்புவதற்கு இரண்டு பேர் தேவைப்படுகிறார்கள். நான்காம் மாதத்தில் சில கண்கள் விரிந்துவிட்டன. கட்டும் உயரத்தில்தான் மிகுந்த கவனம் வேண்டும்: மிக மேலே கட்டினால் தூசி கண்ணிலும் மூக்கிலும் விழும், தாழக் கட்டினால், புல் தீர்ந்து வலை தொங்கும்போது முன்னங்கால் சிக்கிக்கொள்ளும், லாடம் அடித்த குதிரைக்கு அந்த ஆபத்து இன்னும் அதிகம். வெறும் வலையின் அடிப்பகுதி முன்னங்கால் முட்டிக்கு நன்கு மேலே நிற்கும்படி கட்டியிருக்கிறோம். வளையத்தில் நேராக முடிச்சிடாமல், இடையில் மெல்லிய சணல் கயிற்றைக் கோத்திருக்கிறோம். கால் மாட்டினால் அது அறுந்துவிடும். விற்பவர்கள் இந்த எச்சரிக்கையை உறையிலேயே தமிழில் அச்சிட்டுத் தந்திருக்க வேண்டும்.